திருவிடைச்சுரமும் மல்லைப் பெருவழியும்

தொண்டைநாட்டின் கீழ்ப்பகுதியைக் கடல் வரை பரந்த சமவெளி என்று ஒரு சொல்லிற் கூறிவிடுதல் பெருவழக்கு. நிலப்படத்தை மேலோட்டமாகக் காண்பார்க்கு அங்ஙனமே தோன்றும். ஆயின், காஞ்சியிலிருந்து மல்லைக்கோ, மல்லையிலிருந்து காஞ்சிக்கோ நடந்து சென்ற பாணனும் வணிகனும் அடியவனும் கண்ட நிலம் அதுவன்று. கடலுக்கும் காஞ்சிக்கும் இடையே, தென்வடலாக விட்டு விட்டு நிற்கும் குன்றுகளின் தொடர் ஒன்று செங்கற்பட்டை ஒட்டிக் கிடக்கிறது. அக்குன்றுகளைக் கடந்தே கடற்கரைக்கும் தலைநகர்க்கும் போக்குவரவு நிகழ்ந்தது. அவ்வழிகள் யாவை, அவற்றைப் பற்றி நம் இலக்கியங்கள் கூறுவன யாவை என்பதை ஈண்டு ஆராய்வாம். இவ்வாராய்ச்சியால் விளங்கவேண்டிய இலக்கியச் சிக்கல் ஒன்றும் உண்டு. அது பெரும்பாணாற்றுப்படையிற் கூறப்படும் நீர்ப்பெயற்று என்னும் பட்டினத்தைப் பற்றியது.

முதற்கண் சொல்லைப் பற்றிச் சிறிது கூறல் வேண்டும். மலைகளினிடையே அமைந்த வழியைக் கணவாய் என்று இன்று வழங்குகிறோம். (மல்லைக் கரையில் நின்று கணவாய் என்று சொன்னால் வலையர் மீனைக் காட்டுவரேயன்றி மலையைக் காட்டார், அப்பெயருடைய கடலுயிர் அவர்கள் வலையில் நாள்தோறும் படுவது.) சங்கப் பாடல்களில் இப்பொருட்குப் பயிலும் சொற்கள் வேறு. சுரம், அத்தம், அதர், கவலை என்பன பலகாலும் வருவன. இவற்றினும் பொருள் நுணுக்கமுடையது அறைவாய் என்பது. அறை என்பது பாறை. பாறையின் திறப்பு அறைவாய். வேங்கடத்துத் தலைவனாகிய ஆதனுங்கனைக் கள்ளில் ஆத்திரையனார் பாடிய புறநானூற்று 175ஆம் பாடலில், தேராழி உருளுதற்பொருட்டுக் குறைக்கப்பட்ட மலைவழியை இச்சொல்லாற் குறித்ததோடு அதனை இடைகழி என்றும் சுட்டினார். அவ்வழியைக் குறைத்தவர் மோரியரா ஓரியரா என்னும் பாடவேறுபாடும் அதன் வரலாற்றுப் பொருளும் பலரால் ஆராயப்பட்டவை. அவ்வழக்கினுள் யாம் புகவில்லை. நமக்கு வேண்டுவது இடைகழி என்னும் சொல்லாட்சியே. இரண்டிடங்களுக்கு நடுவே கழிந்து செல்லும் ஒடுங்கிய இடம் என்பது அதன் பொருள். வீட்டின் வாயிலுக்கும் உள்ளிடத்துக்கும் நடுவணதாகிய ரேழியும் இடைகழியே. முதலாழ்வார் மூவரும் திருக்கோவலூரில் ஓர் இடைகழியில் நெருங்கி நின்றனர் என்பது வைணவ மரபு. அம்மூவருள் பொய்கையார் காஞ்சியர், பூதத்தார் கடல்மல்லையர், பேயார் மயிலையர். மூவரும் நாம் கூறப்புகும் வழிகளின் முனைகளிற் பிறந்தோர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

இனி நிலத்தைக் காண்போம். செங்கற்பட்டு, சென்னைக்குத் தென்மேற்கே ஏறத்தாழ 56 கி.மீ. தொலைவிலுள்ளது. அதன் கிழக்கே வல்லம் குன்றும், அப்பாற் காட்டுக் குன்றுகளும், அவற்றின் தென்கிழக்கே தனித்துயர்ந்த திருக்கழுக்குன்றமும் நிற்கின்றன. வடக்கே சிங்கப்பெருமாள்கோயில் பாறையும் வண்டலூர்க் குன்றுகளும் உள. பாலாற்றிற்கு அப்பால் தெற்கே அச்சிறுபாக்கம் வரை இடையிட்டு இடையிட்டுக் குன்றுகள் காணப்படும். இவையெல்லாம் சில நூறு அடி உயரமே உடையவை. திருக்கழுக்குன்றம் ஏறத்தாழ 500 அடி. பாலக்காட்டுக் கணவாயைப் போன்று பெருமலைத் தொடரைப் பிளந்த வாயில் ஈண்டில்லை. ஆரல்வாய்மொழியை ஒத்த மலைவாயிலும் இல்லை. ஆயினும், உயரத்தைக் கொண்டு மட்டும் வழியின் அருமையை அளத்தல் தகாது. உருண்ட பெரும் பாறைகளும் முட்செறிந்த புதர்க்காடும் நிறைந்த இருநூறடிக் குன்று, மாட்டுவண்டிக்கு இரண்டாயிரம் அடி மலையளவு தடையே. அதனால், குன்றுகளின் இடைவெளிகளே வழிகளாயின. இக்குன்றுகளின் பாறை மிக்க தொன்மையுடையது. பல்லாவரம், பரங்கிமலைப் பகுதிகளிற் கிடைக்கும் அவ்வினக் கல்லுக்குச் சார்னோக்கைட்டு என்னும் பெயரை நிலநூலார் 1893இல் இட்டனர்.

இடைவெளிகள் மூன்றெனக் கொள்ளலாம். வடபால் வழி, திருப்போரூர்ப் பக்கத்திலிருந்து குன்றுகளினூடே புகுந்து திருவிடைச்சுரம் வழியாகச் செங்கற்பட்டை அடைவது. நடு வழி, மாமல்லபுரத்திலிருந்து திருக்கழுக்குன்றத்தை அடைந்து, வல்லத்தின் அடியாகச் செங்கற்பட்டுக்குச் செல்வது. இன்றைய பேருந்துச் சாலை இதுவே, ஏறத்தாழ 30 கி.மீ. நீளமுடையது. தென்பால் வழி, பாலாற்றின் கரை. பாலாறு காஞ்சிக்குத் தெற்கே ஓடிப் பழையசீவரத்தின் அருகில் செய்யாறும் வேகவதியும் கூடப்பெற்றுத் திருமுக்கூடல் என்னும் பெயர்க்குக் காரணமாகி, செங்கற்பட்டின் தெற்கே குன்றுகளின் இடையே புகுந்து, வயலூரின் அருகில் கடலொடு கலக்கிறது. ஆறு தானே வெட்டிக்கொண்ட அறைவாய் அது என்றால் மிகையாகாது.

இம்மூன்றனுள் மக்கள் நினைவினின்று மறைந்தது முதல் வழியே. அதனாற்றான் அதனைப் பற்றி விரித்துக் கூறவேண்டியதாகிறது.

திருவிடைச்சுரம், திருஞானசம்பந்தரது பதிகம் பெற்ற திருப்பதி. செங்கற்பட்டின் கிழக்கே ஏறத்தாழ 7 கி.மீ. தொலைவில், குன்றுகள் சூழ்ந்த தாழ்நிலத்தில் அக்கோயில் அமைந்துள்ளது. இன்று ஊரார் வழங்கும் பெயர் திருவடிசூலம் என்பது. திருவிடைச்சுரம் என்பது பேச்சில் தேய்ந்து திருவடிசூலம் ஆயிற்று என்பதை அறியாதார், திருவடியையும் சூலத்தையும் கூட்டிப் புதுப்பொருள் காண்பர். கோயிற் கதையோ, இறைவன் இடையன் வடிவில் வந்து சம்பந்தரது பசியையும் நீர்வேட்கையையும் தணித்து வழிகாட்டினான் என்று கூறி, அவ்விடையனோடு ஊர்ப்பெயரை இயைக்கும். எமக்கு இவ்விரண்டினும் ஏற்புடையதாகத் தோன்றுவது சொல்லின் நேர்ப்பொருளே. சுரம் என்பது அருநெறி. இடைச்சுரம் என்பது அருநெறியின் இடையிலுள்ள இடம். வழியின் நடுவே வழிப்போவார் தங்கிய ஊர் அது என்பதைப் பெயரே அறிவிக்கிறது.

இதற்கு ஒரு தடை எழலாம். சுரம் என்பது பாலைக்குரியதாயிற்றே. நிழலும் நீருமற்ற நிலத்தையன்றோ அது குறிக்கும் என்பர். சம்பந்தர் பதிகமோ பாட்டுத்தோறும் இவ்வூரைச் சாரலோடு சேர்த்து, சோலையும் வளமும் மிக்க மலைச்சரிவாகவே பாடுகிறது. இம்முரணே எம் கருத்துக்கு அரணாகும் என்பேம். பாலைக்குத் தனி நிலமின்மையும், முல்லையும் குறிஞ்சியும் வேனிலால் திரிந்து பாலையாவதைச் சிலப்பதிகாரம் கூறுவதும் யாவரும் அறிந்தவை. அங்ஙனமாயின் சுரம் என்பது முதலில் நிலத்தின் பெயரன்று, வழியின் பெயர். கடத்தற்கு அரிய மலைக்காட்டு வழி எதுவும் சுரமே. மழைக்காலத்துப் பசுமை போர்த்த சாரலும் நடப்பானுக்குச் சுரமாகலாம். உரைகளில் வறட்சியே மிகுத்துக் கூறப்பட்டமையால் சொல்லின் முதற்பொருள் ஒதுங்கிற்று. ஊர்ப்பெயர் அப்பழம்பொருளை வைத்துக் காத்தது.

சேக்கிழார் கூறும் யாத்திரை முறையும் இதற்குத் துணைநிற்கும். சம்பந்தர் திருவான்மியூரை வணங்கித் தெற்கே வருங்கால், இடைச்சுரத்தையும் பின்னர்க் கழுக்குன்றத்தையும் அடைந்து, அச்சிறுபாக்கம் சென்றார் என்பது பெரியபுராணம். திருவான்மியூர் கடற்கரை ஊர். கரையோடு கரையாகவே தெற்கு நோக்கிச் சென்று, மல்லையின் அருகில் மேற்கே திரும்பிக் கழுக்குன்றம் சேர்தல் எளிது. அவ்வாறன்றி முன்னரே மேற்கே திரும்பிக் குன்றுகளினுள் புகுந்து, மீண்டும் தென்கிழக்கே கழுக்குன்றம் வந்தார் எனின், அக்காலத்து அடியவர் சென்ற நெறி ஒன்று குன்றுகளினூடே இருந்தது என்பது பெறப்படும். சேக்கிழார் குன்றத்தூரினர், 12ஆம் நூற்றாண்டிற் சோழப் பேரரசின் அமைச்சராய் விளங்கியவர். தம் பிறந்த நாட்டின் வழிகளை அவர் பிறழக் கூறியிருப்பார் என்று கொள்ளுதற்கு இடமில்லை.

சுந்தரரது யாத்திரை இதனினும் தெளிவானது. அவர் கழுக்குன்றத்தை வணங்கியபின் திருக்கச்சூரையும், அதன்பின் காஞ்சியையும் அடைகின்றார். திருக்கச்சூர் சிங்கப்பெருமாள்கோயிலின் அருகிலுள்ளது. கழுக்குன்றத்திலிருந்து ஆங்குச் செல்வார் குன்றுத்தொடரைக் கிழக்கிலிருந்து மேற்கே கடந்தே ஆகவேண்டும். தொலைவு ஏறத்தாழ 25 கி.மீ. கச்சூரை அடைந்த சுந்தரர் பசியால் இளைத்திருந்தார் என்றும், இறைவன் அந்தணனாய் வந்து, உச்சிவேளையில் மனைதோறும் சோறு இரந்து கொணர்ந்து ஊட்டினான் என்றும் பெரியபுராணம் பாடுகிறது.

குன்றுகளின் நடுவே இடைச்சுரத்தில் பசி தீர்த்த இடையன். குன்றுகளைக் கடந்த மேல்முனையிற் கச்சூரில் சோறு இரந்திட்ட அந்தணன். ஒன்று கோயிற் கதை, மற்றொன்று காப்பியச் செய்தி. இவ்விரண்டும் ஒரே குன்றுத்தொடரின் வழிகளைச் சார்ந்து நிற்றல் வெறுந்தற்செயல் என்று தள்ளத்தக்கதன்று. பக்திச் சுவையே இக்கதைகளின் உயிர் என்பதை மறுக்கவில்லை. ஆயினும், உண்டியும் நீரும் எளிதிற் கிடையாத ஒருநாள் வழி அங்கிருந்தது என்னும் நடைமுறை அறிவும் இவற்றினுள் உறைந்து கிடக்கிறது. ஆற்றுப்படை நூல்களைப் பயின்றார்க்கு இது புதிதன்று. சிறுபாணாற்றுப்படையின் ஆசிரியர் நத்தத்தனார், இன்றும் அப்பெயரோடு மரக்காணத்துக்கு வடக்கே விளங்கும் இடைக்கழிநாட்டினர். அவர் எயிற்பட்டினத்து நுளையர் தரும் சுட்ட மீனையும், வேலூர் எயினர் தரும் புளிச்சோற்றையும், ஆமூர் உழவர் தரும் நண்டுக் கலவையையும் வரிசைப்படக் கூறியது சுவைபடக் கூறல் மட்டுமன்று. எவ்வூரில் எது கிடைக்கும் என்பதே நடப்பானுக்கு வழிகாட்டும் கல்.

நடு வழியைப் பற்றிப் பல சொல்ல வேண்டுவதில்லை. கற்களே சான்றாக நிற்கின்றன. மாமல்லபுரத்துக் குடைவரைகளுக்கு மேற்கே கழுக்குன்றத்தின் ஒருகல் மண்டபம், அதற்கும் மேற்கே செங்கற்பட்டை அடுத்து வல்லத்தில் மகேந்திரவர்மன் காலத்துக் குடைவரை எனப் பல்லவர் பணிகள் வழி நெடுகத் தொடர்கின்றன. வல்லத்துக் குடைவரையை எடுத்தவன் மகேந்திரனுக்கு அடங்கிய வயந்தப்பிரி அரைசனின் மகன் கந்தசேனன் என்பதைக் கல்வெட்டு உரைக்கிறது. கழுக்குன்றத்துக் கோயிலுக்குக் கந்தசிட்டன் அளித்து, வாதாபி கொண்ட நரசிங்கவர்மன் காத்த கொடையை, முதலாம் ஆதித்தன் மீண்டும் நிலைநிறுத்திய செய்தி 9ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டில் உண்டு. ஆளும் குலம் மாறியும் அறம் மாறாது போற்றப்பட்ட இடம், ஆள் நடமாட்டம் மிக்க வழியில் அமைந்த இடமேயாதல் வேண்டும். சோழர் காலத்தில் கழுக்குன்றம் களத்தூர்க் கோட்டத்திலும், மாமல்லபுரம் ஆமூர்க் கோட்டத்திலும் அடங்கின. (சிறுபாணாற்றுப்படையின் ஆமூர் வேறு, அதனைத் திண்டிவனப் பகுதியில் வைத்துக் காண்பதே அறிஞர் வழக்கு.)

திருமங்கையாழ்வார் கடல்மல்லையைப் பாடுங்கால், பொருட்குவையும் யானைகளும் மணிகளும் சுமந்து, சுமை மிகுதியால் வளைந்தியங்கும் கலங்களைக் காட்டுகிறார். அக்கலங்களில் ஏறிய களிறுகள் கடற்கரை மணலிற் பிறந்தவையல்ல. உள்நாட்டுக் காட்டிற் பிடிக்கப்பட்டு, குன்றிடை வழி வந்து, கரையை ஒட்டிய உப்பங்கழியையும் கடந்தே மல்லைத் துறையை அடைந்திருத்தல் கூடும். கழி என்னும் இவ்விரண்டாம் தடையை மறத்தல் ஆகாது. மேற்கே குன்று, கிழக்கே கழி. இவ்விரண்டையும் தாண்டியவனே துறையைக் கண்டான். பிற்காலத்தில் இக்கழிகளை இணைத்து வெட்டிய கால்வாய், 1876 முதல் 1878 வரை நிகழ்ந்த பெரும் பஞ்சத்தில் நிவாரணப் பணியாக நீட்டப்பெற்று, பக்கிங்காம் கால்வாய் எனப் பெயர் பெற்றது. அதன்பின் தடையே வழியாயிற்று. சென்னையிலிருந்து மல்லைச் சிற்பங்களைக் காண வந்தோர் பலர் படகிலேறிக் கால்வாய் வழி வந்தனர். குன்றிடை வழியின் பெருமை குறையத் தொடங்கியது அக்காலம் முதலே எனலாம்.

இனி நீர்ப்பெயற்றுக்கு வருவோம். கடியலூர் உருத்திரங்கண்ணனார் தொண்டைமான் இளந்திரையனிடத்துப் பாணனை ஆற்றுப்படுத்துங்கால், முதலில் உமணர் வண்டித் தொகுதியையும், மிளகுப் பொதி சுமந்த கழுதைச் சாத்தையும், உல்கு கொள்ளும் பெருவழியையும், அப்பெருவழியின் கவலையை வில்லேந்தியோர் காத்துநிற்றலையும் கூறுகிறார். பின் எயினர், குறிஞ்சி மறவர், ஆயர், உழவர், வலைஞர், அந்தணர் குடியிருப்புகளைக் காட்டி, அவற்றின்பின் நீர்ப்பெயற்றுப் பட்டினத்தையும், ஆங்கு இரவில் எரியும் கலங்கரை விளக்கத்தையும் கூறி, தோப்புகளையுடைய ஊர்களைக் கடத்தி, திருவெஃகா வழியாகக் காஞ்சியிற் புகுத்துகிறார். இப்பட்டினம் எது? மாமல்லபுரமே என்பார் ஒரு சாரார். பாலாற்று முகத்தை அடுத்த வயலூர், வசவசமுத்திரம் பகுதியே என்பார் மற்றொரு சாரார். வசவசமுத்திரத்தில் 1970ஐ ஒட்டித் தமிழ்நாட்டுத் தொல்லியல் துறையினர் அகழ்ந்தபோது, உரோம நாட்டுத் தொடர்பைக் காட்டும் மதுச்சாடித் துண்டுகளும் உருளைப்பதிவுடைய மட்கல ஓடுகளும் உறைகிணறுகளும் கிடைத்தன. வயலூரிலோ இராசசிம்மன் தன் குலமுறை முழுவதையும் பொறித்த தூண் நிற்கிறது.

சிக்கலைத் தீர்க்கப் பலரும் பட்டினத்தையே நோக்கினர். யாம் பட்டினத்துக்கும் காஞ்சிக்கும் இடைப்பட்ட வழியை நோக்க விரும்புகிறோம். நீர்ப்பெயற்றைக் கடந்தபின் புலவர் கூறுவன தோப்பும் சோலையும் ஊரும் விருந்துமேயன்றிக் குன்றும் சுரமுமல்ல. எயினர் வாழ் அருநிலமும் மலைநிலமும் பட்டினத்துக்கு முன்னரே கூறி முடிக்கப்பட்டன. பட்டினம் மல்லையாயின், காஞ்சிக்கு நேர்வழி கழுக்குன்றமும் வல்லமும் ஊடே செல்லும் நடு வழியாம். அவ்வழியிற் குன்று கண்ணில் படாமல் ஒரு காதமும் நடத்தல் இயலாது. பருந்தும் முகிலும் படியும் கழுக்குன்றத்தைக் காணாதவர்போல் உருத்திரங்கண்ணனார் கடந்துசென்றார் என்று கொள்வது அவரது நிலக்காட்சித் திறத்துக்கு இழுக்கு. பாலாற்று முகமாயின், ஆற்றங்கரையே வழி; ஏற்றமில்லை, குன்றுகள் இருபாலும் ஒதுங்கி நிற்கும்; கரைநெடுகத் தோப்பும் வயலும் ஊரும் தொடரும். புலவர் கூறிய நிலத்தோற்றம் இதற்கே பொருந்துகிறது.

இதற்கு எதிராக இரண்டு கூறலாம். ஆற்றுப்படையின் நிலவரிசை திணைமரபு பற்றியதேயன்றிக் காதக் கணக்குப் பற்றியதன்று என்பது ஒன்று. இது வலியுடைய தடையே. மிளகுக் கழுதைகள் வந்த மேற்றிசைப் பெருவழியைச் செங்கற்பட்டுக் குன்றுகளில் வைத்துத் தேடுதல் பொருந்தாது என்பதற்கும் இதுவே காரணம். எனினும் திருவெஃகாவைக் காஞ்சியின் வாயிலில் வைத்துக் கூறும் இறுதிப் பகுதி திணைமரபுக்காகச் செய்யப்பட்டதன்று. அங்கு உண்மை நிலமே பேசுகிறது. மற்றொன்று, பாலாறு பண்டு வடக்கே கொற்றலையாற்றின் போக்கில் ஓடிப் பின்னர்த் தெற்கே திரும்பியது என்னும் நிலநூலார் கருத்து. திருப்பம் என்று நிகழ்ந்தது என்பதைப் பொறுத்தே இதன் வலிமை அமையும். கி.பி. முதல் நூற்றாண்டுகளுக்குரிய பொருள்கள் இன்றைய ஆற்றுமுகத்தை அடுத்தே கிடைத்திருத்தலால், அக்காலத்தே அவ்விடம் கலம் அணுகும் துறையாயிருந்தது என்பது தெளிவு. ஆற்றின்றித் துறை அவ்விடத்து வாய்த்தல் அரிது. ஆகவே நீர்ப்பெயற்றைப் பாலாற்று முகத்தில் வைப்பதே எமக்கு உடன்பாடு. மல்லை அதன்பின் வளர்ந்த துறை. அதன் வளர்ச்சியோடு நடு வழியும் வளர்ந்தது.

மூன்று வழிகளும் கூடும் முடிச்சு செங்கற்பட்டு. இதனைப் புலவரினும் படைத்தலைவர் நன்குணர்ந்தனர். 16ஆம் நூற்றாண்டில் விசயநகரத்தார் காலத்தில் ஏரியும் சதுப்பும் சூழ எடுக்கப்பட்ட கோட்டை, 1751இல் பிரெஞ்சுக்காரர் கைப்பட்டது. 1752இல் கிளைவு முதலில் கடற்கரைக் கோவளத்தைக் கைப்பற்றினார். கோவளத்துக்கு உதவியாகச் செங்கற்பட்டிலிருந்து குன்றிடை வழி வந்த படையை மறைந்திருந்து மடக்கியபின், செங்கற்பட்டையும் கொண்டார். கரையும் குன்றுவாயிலும் ஒரே பூட்டின் இரு பகுதிகள் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டா. 1758 இறுதியில் சென்னையை முற்றுகையிடச் சென்ற லாலி இக்கோட்டையைப் பிடிக்காது விட்டுச் சென்றது அவர்க்குப் பெருங்கேடாய் முடிந்தது. 1780இல் பொள்ளிலூரில் பெய்லியின் படை அழிந்தபின், காஞ்சியிலிருந்து பின்வாங்கிய மன்றோவின் படைக்குப் புகலிடமாயிருந்ததும் இதுவே. பின்னர் வந்த இருப்புப்பாதை அக்கோட்டையையே ஊடறுத்து, ஏரிக்கரையை ஒட்டிச் சென்றது. தெற்கே செல்லும் நெடுஞ்சாலைக்கும் வேறு இடமில்லை. குன்றுக்கும் நீருக்கும் நடுவே எஞ்சிய ஒடுக்கத்தில் எக்காலத்து வழியும் புகுந்தே செல்லவேண்டியிருக்கிறது.

2019 நவம்பர் 29இல் செங்கற்பட்டு தனி மாவட்டமாயிற்று. மல்லையும் கழுக்குன்றமும் இடைச்சுரமும் கச்சூரும் வயலூரும் இடைக்கழிநாடும் இன்று ஒரே மாவட்டத்தினுள் அடங்கியுள்ளன. ஒரே ஆய்வாளர் சில நாட்களில் நடந்து அளக்கத்தக்க எல்லை அது. அளத்தற்குக் காலம் மிகுதியாக இல்லை. கற்சுரங்கங்கள் குன்றுகளைக் குறைத்து வருகின்றன; பாலாற்று மணல் அள்ளப்பட்டுக் கரையின் பழந்தோற்றம் மாறிவிட்டது; வீட்டுமனைகள் குன்றடி வரை வந்துவிட்டன. வல்லத்துக்கும் கழுக்குன்றத்துக்கும் இடையிலும், இடைச்சுரத்தின் இருபாலும், பழைய வண்டித்தடமோ வழிக்கிணறோ சுமைதாங்கியோ எஞ்சியுள்ளனவா என்பதை முதலில் பார்த்தல் வேண்டும். ஊர்களில் வழங்கும் மேட்டுப் பெயர், பாறைப் பெயர், மடுப் பெயர்களை முதியோர் வாய்ச்சொல்லாகவே எழுதிக்கொள்ளுதல் அதனினும் விரைந்து செய்யத்தக்கது. இடைச்சுரம் அடிசூலமானது போல வேறெந்தச் சுரம் எந்தப் பெயரினுள் மறைந்து கிடக்கிறதோ, அதனை அவ்வேடுகளே காட்டும்.